டூன்ரே: ஓர் அணு வளாகத்தைத் துப்புரவு செய்யும் ஊரில்

ஞாயிறு – இன்வர்னஸிலிருந்து தர்சோ

ஸ்காட்லாந்தின் வடகோடியில், கேத்னஸ் வட்டாரத்தின் கடற்கரையில், டூன்ரே என்னும் அணு வளாகம் இருக்கிறது. 1950-களின் நடுப்பகுதியில் பிரிட்டன் தன் வேக ஈனுலைகளை, அதாவது எரிக்கும் எரிபொருளைவிடக் கூடுதலான எரிபொருளைப் புதிதாக விளைவிக்கும் நோக்கம் கொண்ட அணுஉலைகளை, அமைக்க இந்த இடத்தைத் தேர்ந்தெடுத்தது. உலையில் பயன்படுத்திய எரிபொருளை அமிலத்தில் கரைத்து, எஞ்சிய யுரேனியத்தையும் புதிதாக விளைந்த புளூட்டோனியத்தையும் பிரித்தெடுக்கும் மறுசெயலாக்க ஆலைகளையும் அதே வளாகத்தில் கட்டியது. கடைசி உலை 1994-இல் நிறுத்தப்பட்டது. வேக உலை எரிபொருளின் மறுசெயலாக்கம் 1996-இல் ஒரு கசிவோடு நின்றுபோனது. இப்போது அங்கே நடப்பதெல்லாம் கட்டியவற்றைக் கலைக்கும் வேலையும், சேர்ந்தவற்றைத் துப்புரவு செய்யும் வேலையும்தான்.

நான் இந்த ஊருக்கு வர விரும்பியதற்குக் காரணம் கல்பாக்கம். அங்கே 1985-இல் சோதனை வேக ஈனுலை முதன்முதலாக இயங்கத் தொடங்கியது. 500 மெகாவாட் முன்மாதிரி ஈனுலையும் அங்கேதான் கட்டப்பட்டது. மறுசெயலாக்க ஆலையும் அருகிலேயே இருக்கிறது. திரவச் சோடியத்தால் உலையைக் குளிர்விப்பது, பயன்படுத்திய எரிபொருளை அமிலத்தில் கரைப்பது என்று அடிப்படையான வேலைமுறைகள் இரண்டு ஊர்களுக்கும் பொதுவானவை. அப்படிப்பட்ட ஒரு வளாகம் தன் உழைப்புக் காலத்தை முடித்துக்கொண்ட பிறகு அதைச் சுற்றி வாழும் மக்களுக்கு என்ன மிஞ்சுகிறது என்பதை நேரில் பார்க்க எனக்குத் தெரிந்த நல்ல இடம் டூன்ரே.

இன்வர்னஸிலிருந்து தர்சோவுக்கு ரயிலில் ஏறத்தாழ நான்கு மணி நேரம் ஆகிறது. பாதியைக் கடந்த பிறகு மரங்கள் குறைந்து, கண்ணுக்கெட்டிய தூரம் வரை பழுப்பு நிறக் கரிச்சதுப்பு நிலமும் நடுநடுவே கறுத்த குட்டைகளுமாக ஒரு வெளி விரிகிறது. ஃப்ளோ கன்ட்ரி என்று அழைக்கப்படும் இந்த நிலப்பரப்பை 2024-இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. மனிதர்கள் அரிதாகவே தென்படும் இந்த வெளியைக் கடந்து வரும்போதுதான், ஆபத்தைப் பற்றி முழுதாக அறியாத ஒரு தொழில்நுட்பத்தைச் சோதித்துப் பார்க்க லண்டனில் இருந்தவர்கள் ஏன் இவ்வளவு தொலைவைத் தேர்ந்தெடுத்தார்கள் என்பது புரிகிறது.

தர்சோவுக்குச் சற்று முன்னால் ஜார்ஜ்மாஸ் சந்திப்பு வருகிறது. பயணிகள் பெரும்பாலும் அதைக் கவனிப்பதில்லை. டூன்ரேயிலிருந்து லாரியில் வரும் கனத்த எஃகுக் கொள்கலன்கள் இங்கேதான் ரயிலுக்கு மாற்றப்பட்டன. முதல் வேக உலையின் மையத்தைச் சுற்றி அடுக்கியிருந்த யுரேனியத் தண்டுகள் மொத்தம் 44 டன். அவற்றை இங்கிலாந்தின் வடமேற்குக் கரையில் உள்ள செல்லாஃபீல்டு அணு வளாகத்துக்கு அனுப்பும் வேலை 2012 டிசம்பரில் தொடங்கியது. நான் வந்த இதே ஒற்றைத் தண்டவாளத்தில்தான், இதே சிற்றூர் நிலையங்களைக் கடந்து, அந்த ரயில்கள் தெற்கே போயிருக்கின்றன.

திங்கள் – தர்சோ

தர்சோ சிறிய ஊர். டூன்ரே வருவதற்கு முன் மூவாயிரம் பேருக்குச் சற்றுக் கூடுதலாக வாழ்ந்த ஊர், வளாகம் வந்த பிறகு ஏறக்குறைய மூன்று மடங்காகப் பெருகியது. தெற்கிலிருந்து வந்து குடியேறிய விஞ்ஞானிகளையும் பொறியாளர்களையும் ஊர்க்காரர்கள் 'அட்டாமிக்ஸ்' என்று அழைத்தார்கள். அவர்களுக்காகக் கட்டப்பட்ட வீட்டு வரிசைகளில் இன்றும் மக்கள் வாழ்கிறார்கள். மீன்பிடியும் பண்ணைத் தொழிலும் கல் வெட்டுதலும் தவிர வேறு பிழைப்பு இல்லாதிருந்த வட்டாரத்துக்கு டூன்ரே பள்ளிப் படிப்பையும் தொழிற்பயிற்சியையும் நிலையான சம்பளத்தையும் கொண்டுவந்தது. வளாகத்தின் குறைகளை எழுதப் புகும் எவரும் இதைச் சொல்லாமல் கடந்து போவது நேர்மையாக இருக்காது.

ஊர் நடுவே உள்ள அருங்காட்சியகத்தில், டூன்ரேயில் முதலில் இயங்கிய பொருட்சோதனை உலையின் கட்டுப்பாட்டு அறையை அப்படியே பெயர்த்துக் கொண்டுவந்து வைத்திருக்கிறார்கள். 1958-இல் இயங்கத் தொடங்கிய அந்த உலைதான் ஸ்காட்லாந்து மண்ணின் முதல் அணுஉலை. வட்ட முகங்கொண்ட அளவுமானிகளும் கைப்பிடிச் சுவிட்சுகளும் பொருத்திய உலோகப் பலகைகளின் முன்னால் வெகுநேரம் நின்றேன். ஒவ்வொரு அளவுமானியின் கீழும் அது எதை அளக்கிறது என்று பொறித்த சிறு பெயர்ப்பட்டை இருக்கிறது. ஒரு மனிதர் நாற்காலியில் அமர்ந்தபடி, உலைக்குள் நடப்பதை இந்த முட்களின் அசைவிலிருந்தே அறிந்துகொண்டிருந்தார். இயங்கிக்கொண்டிருக்கும் உலையின் மேல் எவ்வளவு கவனம் வைத்திருந்தார்கள் என்பதற்கு இந்த அறை சாட்சி. உலையிலிருந்து வெளியேறிய கழிவின் மேல் அதே அளவு கவனம் இருந்ததா என்பது அடுத்தடுத்த நாட்களின் கேள்வி.

மறுசெயலாக்கம் எப்படி நடக்கிறது என்பதை இங்கே சுருக்கமாகச் சொல்லிவிட வேண்டும். பயன்படுத்திய எரிபொருளைச் சில காலம் நீர்த்தொட்டியில் குளிரவைக்கிறார்கள். பிறகு கனத்த சுவருக்குப் பின்னால், தொலைவிலிருந்து இயக்கும் கருவிகளைக் கொண்டு வெட்டி, கொதிக்கும் நைட்ரிக் அமிலத்தில் கரைக்கிறார்கள். மண்ணெண்ணெய் போன்ற ஒரு கரைப்பானில் கலந்த டிரைபியூட்டைல் பாஸ்பேட் என்ற வேதிப்பொருள், அந்த அமிலக் கரைசலிலிருந்து யுரேனியத்தையும் புளூட்டோனியத்தையும் மட்டும் தன்பால் இழுத்துக்கொள்கிறது. வேண்டியது வந்துவிட்ட பிறகு தொட்டியின் அடியில் எஞ்சி நிற்கும் திரவத்தில்தான் சீசியம், ஸ்ட்ரான்சியம் உள்ளிட்ட கடுங்கதிரியக்கப் பொருள்கள் அனைத்தும் செறிந்திருக்கின்றன. அதைச் சிமென்ட்டோடு கலந்து எஃகு உருளைகளில் கெட்டியாக்குவது டூன்ரே துப்புரவின் பெரிய வேலைகளில் ஒன்று.

ஆலையை நிறுத்தினால் இந்தப் பொருள்கள் போய்விடுவதில்லை. குழாய்களின் வளைவுகளிலும் தொட்டிகளின் அடியிலும் சுவர்ப் பூச்சிலும் படிந்து தங்குகின்றன. சாதாரணத் தொழிற்சாலை என்றால் ஓரிரு ஆண்டில் இடித்துத் தரைமட்டமாக்கிவிடலாம். இங்கே ஒரு குழாயை அறுப்பதற்கு முன் அதில் என்ன ஓடியது, எப்போது கழுவப்பட்டது, எங்கே போய்ச் சேர்கிறது என்பதை அறிந்திருக்க வேண்டும்.

நான் தங்கியிருக்கும் விடுதியின் உரிமையாளர் டூன்ரேயில் வேலை பார்த்து ஓய்வுபெற்றவர். நான் எதற்கு வந்திருக்கிறேன் என்று சொன்னதும் தேநீர்க் கோப்பையோடு எதிரே அமர்ந்துவிட்டார். "எல்லாரும் அந்தப் பெரிய கோளத்தைப் படம் எடுத்துக்கொண்டு போகிறார்கள். கோளத்துக்குள் என்ன இருக்கிறது என்று எங்களுக்குத் தெரியும், தெரிந்ததை எடுத்துவிடலாம். நீங்கள் ஆழ்குழியைப் பற்றிக் கேளுங்கள்" என்றார்.

செவ்வாய் – டூன்ரே

தர்சோவிலிருந்து மேற்கே செல்லும் சாலையில், வயல்களுக்கு வேலியாகப் பட்டைக் கற்களை வரிசையாக நட்டுவைத்திருக்கிறார்கள். கேத்னஸ் மண்ணின் கீழே முழுக்க இந்த அடுக்குப் பாறைதான். தகடு தகடாகப் பிரிந்து வருவதால் தளக்கல்லாகவும் கூரைக்கல்லாகவும் ஒருகாலத்தில் பல ஊர்களுக்கு ஏற்றுமதியானது. டூன்ரேயின் கதையில் இந்தப் பாறைக்கு முக்கியப் பங்கு உண்டு: அடுக்குகளுக்கு நடுவே உள்ள விரிசல்கள் வழியாக நிலத்தடி நீர் ஓடும்.

ஏறத்தாழ பதினைந்து கிலோமீட்டர் போனதும், கடலை ஒட்டி வளாகம் கண்ணில் படுகிறது. உள்ளே செல்ல எனக்கு அனுமதி இல்லை. சாலையோரத்திலிருந்தே பார்க்க முடிந்தது. நடுவில் நிற்பது 41 மீட்டர் விட்டமுள்ள எஃகுக் கோளம். விபத்து நேர்ந்தாலும் கதிரியக்கம் வெளியே வராமல் உள்ளேயே அடைபட வேண்டும் என்று கட்டப்பட்டது. அதனுள் இருந்த உலை 1959-இல் இயங்கத் தொடங்கி, 1962-இல் ஒரு தேசிய மின்தொகுப்புக்கு மின்சாரம் தந்த உலகின் முதல் வேக உலை என்ற பெயரைப் பெற்றது. கோளத்தை நினைவுச் சின்னமாக விட்டுவைக்கலாம் என்ற பேச்சும் எழுந்தது. ஆனால் அதன் எஃகிலும் கதிரியக்கம் படிந்திருக்கிறது. காலாகாலத்துக்கும் வண்ணம் பூசிப் பராமரிப்பது யார் என்ற கேள்வியும் இருந்தது. ஆகவே அதையும் இடிப்பதென்றே முடிவு செய்திருக்கிறார்கள்.

பக்கத்தில் கட்டம் கட்டமாக நிற்கும் பெரிய கட்டடம் முன்மாதிரி வேக உலை. 250 மெகாவாட் திறனோடு 1974 முதல் 1994 வரை இயங்கியது. அதில் மட்டும் 1,500 டன் சோடியம் இருந்தது. சோடியம் தண்ணீர் பட்டால் பற்றி வெடிக்கும் உலோகம். அதைச் சிறிது சிறிதாக எரிசோடாக் கரைசலுக்குள் செலுத்தி, கிடைத்த காரத்தை அமிலத்தால் சமன்செய்து, உப்புநீராக மாற்றி, கதிரியக்கத்தை வடிகட்டிக் கடலில் விட்டார்கள். பழைய கோளத்திலிருந்த 57 டன் சோடியம்-பொட்டாசியம் கலவைக்கும் இதேபோல வழி கண்டார்கள். அது அறை வெப்பத்திலேயே திரவமாக இருப்பதாலும் சீசியம் மிகுதியாகக் கலந்திருந்ததாலும் இன்னும் கொடியது. இரண்டு வேலைகளிலும் பெரும்பகுதி முடிந்துவிட்டது. உலகில் இதற்கு முன் எவரும் இந்த அளவில் செய்து பார்த்திராத வேலைகள் இவை. செய்தவர்களில் பலர் இந்த வட்டாரத்திலேயே பிறந்து வளர்ந்தவர்கள். அவர்களுக்கு உரிய புகழ் கிடைக்கவில்லை என்றே எனக்குத் தோன்றுகிறது.

இனி ஆழ்குழி. 1950-களில், ஆலையின் கழிவுநீரைக் கடலுக்குள் கொண்டுபோகக் கடற்படுகைக்கு அடியில் ஒரு சுரங்கம் வெட்டினார்கள். வெட்டிய கல்லை மேலே தூக்குவதற்காகக் கடற்கரையை ஒட்டி, 65 மீட்டர் ஆழத்துக்கு, ஏறக்குறைய நான்கரை மீட்டர் அகலத்தில் ஒரு செங்குத்துக் குழி தோண்டப்பட்டது. சுரங்க வேலை முடிந்ததும் குழியை மூடியிருக்கலாம். அதற்குப் பதிலாக, கதிரியக்கக் கழிவைப் போடும் இடமாக அதைப் பயன்படுத்த அனுமதி பெற்றார்கள். சுவருக்குப் பூச்சு இல்லை. சுற்றிலும் விரிசல் விட்ட பாறை. உள்ளே நிலத்தடி நீர் நிறைந்திருந்தது. அந்த நீருக்குள் 1959 முதல் கையுறைகள், உடைந்த கருவிகள், வடிகட்டிகள், எரிபொருள் துண்டுகள், கழிவு நிறைத்த டப்பாக்கள் என்று பலவும் விழுந்தன. போட்டதையெல்லாம் எழுதிவைக்கும் வழக்கம் முழுமையாக இருக்கவில்லை.

1977 மே மாதம் அந்தக் குழி வெடித்தது. உள்ளே போட்ட சோடியமும் பொட்டாசியமும் தண்ணீரோடு சேர்ந்து ஹைட்ரஜன் வாயுவை உண்டாக்கின. அது தீப்பிடித்து, குழியின் மூடியைத் தூக்கி எறிந்தது. அதன்பின் எவரும் அதில் எதையும் போடவில்லை. ஆனால் என்ன நடந்தது என்ற முழு விவரம் ஊர் மக்களை எட்ட 1990-கள் வரை ஆனது. விபத்தைவிட இந்த மௌனம்தான் என்னை அதிகம் வருத்துகிறது. அணுத்துறையின் மேல் மக்களுக்கு நம்பிக்கை குறைந்ததற்கு அறியாமையே காரணம் என்று வல்லுநர்கள் அடிக்கடி சொல்வார்கள். இந்தக் குழிக்குப் பக்கத்தில் வாழ்ந்தவர்கள் அறியாமல் இருந்தது அவர்களுடைய தவறன்று.

கழிவை வெளியே எடுக்க வேண்டும் என்று அரசு 1998-இல் முடிவெடுத்தது. எடுப்பதற்கு நீரை இறைக்க வேண்டும். இறைத்தால் சுற்றுப்பாறையிலிருந்து புதுநீர் வந்துகொண்டே இருக்கும். ஆகவே முதலில் குழியைச் சுற்றி ஏறக்குறைய நானூறு துளைகள் இட்டு, பாறை விரிசல்களுக்குள் மெல்லிய சிமென்ட் குழம்பை அழுத்தத்தோடு செலுத்தி, நிலத்துக்கடியில் ஒரு காலணி உறையைப் போன்ற தடுப்பை உருவாக்கினார்கள். அந்த வேலை 2008-இல் முடிந்தது. அதன் பிறகும் குழிக்குள் இருப்பதை ஒவ்வொன்றாகப் பற்றி மேலே தூக்கி, பிரித்து, அளந்து, சிமென்ட்டில் பொதிந்து வைப்பதற்கான ஆலையைக் கட்டியாக வேண்டும். பக்கத்திலேயே, 1971-இலிருந்து பயன்பட்ட, கான்கிரீட் சுவர் கொண்ட இன்னொரு கழிவுக் கிடங்கும் இருக்கிறது. அதற்கும் இதே வழிதான். தூக்கும் கருவியை வடிவமைக்கும் பொறியாளருக்கு, அது எதைத் தூக்கப்போகிறது என்பது உறுதியாகத் தெரியாது. எழுதப்படாத ஒரு பதிவேட்டின் விலை இது.

திரும்பும்போது வளாகத்துக்கு வெளியே, குறைந்த கதிரியக்கமுள்ள இடிபாடுகளுக்காகத் தரைமட்டத்துக்குக் கீழே பாறையைக் குடைந்து கட்டியிருக்கும் கான்கிரீட் பெட்டகங்களின் பக்கமாகக் கடந்தேன். 2015 முதல் அவற்றில் கழிவு வைக்கப்படுகிறது. ஒவ்வொரு கொள்கலனுக்கும் எண் உண்டு, உள்ளடக்கப் பட்டியல் உண்டு. அதே பாறை, அதே கடற்கரை; நடுவே அரை நூற்றாண்டுப் பாடம்.

புதன் – சாண்ட்சைட் கடற்கரை

வளாகத்துக்கு மேற்கே சில கிலோமீட்டரில் ரே என்ற சிற்றூர். அதன் முன்னால் சாண்ட்சைட் விரிகுடா. பிறைவடிவில் வெளிர்மஞ்சள் மணல், பின்னால் புல் போர்த்திய மணற்குன்றுகள், ஓரத்தில் சிறிய கல் துறைமுகம். நான் போனபோது ஒரு பெண்மணி தம் நாயோடு நடந்துகொண்டிருந்தார். கடலோரம் வரை நடந்து சென்று நிமிர்ந்து கிழக்கே பார்த்தால் கோளத்தின் மேற்பகுதி தெரிகிறது.

இந்த மணலில் 1984-இல் முதல் முறையாக ஓர் எரிபொருள் துகள் கிடைத்தது. அதற்கு முந்தைய ஆண்டு வளாகத்தின் முன்கரையில் அத்தகைய துகள்கள் தென்படத் தொடங்கியிருந்தன. இவை ஏதோ மங்கலான மாசு அல்ல. உலைக்குள் இருந்து வந்த எரிபொருளின் உண்மையான துண்டுகள், மணல் பருக்கையின் அளவில். சாண்ட்சைடில் மட்டும் இதுவரை 200-க்கும் மேற்பட்டவை எடுக்கப்பட்டிருக்கின்றன. வளாகத்தின் முன்கரையிலும் கடலடியிலும் கிடைத்தவை இதைவிடப் பன்மடங்கு.

அவை எப்படி இங்கே வந்தன என்பது இப்போது தெளிவாகத் தெரிகிறது. திங்களன்று நான் பார்த்த அந்தக் கட்டுப்பாட்டு அறைக்குரிய உலையிலும் அதைப் போன்ற உலைகளிலும் பயன்படுத்திய எரிபொருள், யுரேனியமும் அலுமினியமும் கலந்த தகடுகளால் ஆனது. மறுசெயலாக்கத்துக்கு முன், தேவையற்ற வெளி அலுமினியத்தை நீர்த்தொட்டிக்குள் வைத்தே இயந்திரத்தால் சீவி அகற்றினார்கள். அமிலத்தில் கரைக்க வேண்டிய உலோகத்தின் அளவைக் குறைப்பது நோக்கம். வெட்டுக்கத்தி சில வேளைகளில் எரிபொருளிலும் பட்டது. விழுந்த பொடிச் சீவல்கள் தொட்டி நீரோடு வடிகாலுக்குள் போய், அங்கிருந்து கடலுக்குப் போயின. 1960-களிலும் அதை ஒட்டிய ஆண்டுகளிலும் இது நடந்தது. பெரும் வெடிப்போ தீயோ இல்லை. அன்றாட வேலையில், ஒரு வடிகாலில் சரியான வடிகட்டி இல்லாத குறை.

1963 முதல் 1984 வரை துகள்களைக் கடலில் கலக்கவிட்டது உள்ளிட்ட குற்றச்சாட்டுகளை, அப்போது வளாகத்தை நடத்திய பிரிட்டன் அணுசக்தி ஆணையம் நீதிமன்றத்தில் ஒப்புக்கொண்டது. 2007-இல் விக் நகர நீதிமன்றம் 1,40,000 பவுண்டு அபராதம் விதித்தது. துகள் தேடுவதற்கு ஆகிவந்த செலவோடு ஒப்பிட்டால் அது சிறு தொகை. ஆனால் ஓர் அரசு நிறுவனம் குற்றவாளிக் கூண்டில் நின்று பொறுப்பேற்றது என்பதைச் சிறிதென்று சொல்ல மாட்டேன்.

கடற்கரைக்கு இறங்கும் பாதையில் ஓர் அறிவிப்புப் பலகை துகள்களைப் பற்றிச் சொல்கிறது. யாரையும் அது தடுக்கவில்லை. துகள்களைச் சீசியம்-137 அளவை வைத்து மூன்றாகப் பிரிக்கிறார்கள். பெக்கரல் என்பது கதிரியக்கத்தை அளக்கும் அலகு; நொடிக்கு ஓர் அணு சிதைந்தால் ஒரு பெக்கரல். பத்து லட்சம் பெக்கரலுக்கு மேற்பட்டவை கடுமையானவை, ஒரு லட்சத்திலிருந்து பத்து லட்சம் வரை நடுத்தரம், அதற்குக் கீழே சிறியவை. கடுமையான துகள் தோலில் நெடுநேரம் ஒட்டிக்கொண்டால் புண் உண்டாக்கலாம். விழுங்கினால் குடலைப் பாதிக்கலாம். அத்தகையவை பெரும்பாலும் பொதுமக்கள் செல்லாத வளாக முன்கரையிலும் கடலடியிலும் இருக்கின்றன. சாண்ட்சைடில் கிடைப்பவை அடுத்த இரு வகையைச் சேர்ந்தவை. நடந்து போகும் ஒருவர் அவற்றில் ஒன்றை எதிர்கொள்ளும் வாய்ப்பு மிகமிகக் குறைவு என்பதே இதை ஆராய்ந்த வல்லுநர் குழுவின் முடிவு. அந்த முடிவை நான் ஏற்கிறேன். மணலில் நடந்தேன், உட்காரவும் செய்தேன். ஆனாலும் கையால் மணலை அள்ளியபோது, ஒவ்வொரு பருக்கையையும் பார்க்கும் கண் மாறிவிட்டதை உணர்ந்தேன். ஆபத்து சிறிது என்று நிறுவிக்காட்டுவதும், ஒரு தாய் தன் குழந்தையை இங்கே நிம்மதியாக விளையாட விடுவதும் வெவ்வேறு காரியங்கள்.

துகளைத் தேடும் முறையைப் பற்றிச் சொல்ல வேண்டும். வரிசையாக உணர்கருவிகள் பொருத்திய ஒரு வண்டி, நடை வேகத்தில், கோடு போட்டது போல மணலை ஏறி இறங்கி அளந்துகொண்டு போகிறது. கருவி குரல் கொடுக்கும் இடத்தில் வண்டி நிற்கிறது. பணியாளர் கையிலுள்ள கருவியால் அந்த இடத்தைக் குறுக்கி, மணலைச் சிறு கரண்டியாலோ மண்வெட்டியாலோ கொஞ்சம் கொஞ்சமாக எடுத்து, எடுத்ததில் துகள் இருக்கிறதா, குழியிலேயே இருக்கிறதா என்று மாறிமாறி அளக்கிறார். பாதி, பாதியில் பாதி என்று மணலைப் பிரித்துக்கொண்டே போய், கடைசியில் ஒரு சிட்டிகை மணலோடு ஒரு சிறு புட்டிக்குள் துகள் அடைபடுகிறது. பிறகு ஆய்வுக்கூடத்துக்குப் போகிறது. கிடைத்த நாள், இடம், ஆழம், கதிரியக்க அளவு எல்லாம் பதிவாகின்றன. ஒரு மணல் பருக்கைக்கு இவ்வளவு. வண்டியால் ஒரு குறிப்பிட்ட ஆழம் வரைதான் உணர முடியும். அடுத்த புயலில் கடல் மணலைப் புரட்டிப்போட்டால் மறுபடியும் முதலிலிருந்து அளக்க வேண்டும்.

கடலடியில் முதலில் முக்குளிப்போர் இறங்கித் தேடினார்கள். 2008 முதல் 2012 வரை தொலைவிலிருந்து இயக்கும் ஊர்தியை இறக்கி, துகள்கள் அதிகம் செறிந்த பகுதியைத் துழாவினார்கள். முழுக் கடலடியையும் பழைய நிலைக்குக் கொண்டுவர முயன்றால் நன்மையைவிடத் தீங்கே அதிகமாகும் என்று ஸ்காட்லாந்தின் சுற்றுச்சூழல் பாதுகாப்பு அமைப்பு 2011-இல் ஒத்துக்கொண்டது. கடலடியைச் சுரண்டினால் அங்குள்ள உயிர்கள் அழியும்; துகள்களும் மேலும் பரவும். ஆக, துப்புரவு என்பதற்கு ஓர் எல்லை உண்டு என்பதை அரசே எழுத்தில் ஒப்புக்கொண்ட இடம் இது.

நாயோடு வந்த பெண்மணியிடம், இந்தக் கடற்கரைக்கு வரத் தயக்கமில்லையா என்று கேட்டேன். சின்ன வயதிலிருந்தே வருகிறேன், வண்டி அளந்துகொண்டிருக்கும் நாளில் மட்டும் அந்தப் பக்கம் போவதில்லை என்று சொல்லி நடந்துவிட்டார்.

வியாழன் – ஸ்க்ராப்ஸ்டர்

நாள் முழுக்க மழையும் காற்றும். தர்சோவை ஒட்டிய ஸ்க்ராப்ஸ்டர் துறைமுகம் வரை மட்டும் போய்வந்தேன். நண்டுக் கூண்டுகள் அடுக்கியிருக்கும் இந்தத் துறையிலிருந்துதான், பெல்ஜியத்தின் ஆய்வு உலை எரிபொருளை மறுசெயலாக்கம் செய்ததில் மிஞ்சிய கழிவு, சிமென்ட்டில் கெட்டியாக்கப்பட்டு, கப்பலில் அந்நாட்டுக்கே திருப்பி அனுப்பப்பட்டது. பிறருடைய எரிபொருளைக் காசு வாங்கிக்கொண்டு கையாண்ட காலத்தின் கணக்கு அப்படி முடிகிறது. துகள்கள் காரணமாக, வளாகத்தின் கழிவுக்குழாய் முகப்பைச் சுற்றி இரண்டு கிலோமீட்டர் வரை மீன், நண்டு எதையும் பிடித்து விற்கக் கூடாது என்று 1997-இல் தடை வந்தது. படகோட்டிகளுக்குக் கடலில் வேலி தெரியாது. வரைபடத்தில் உள்ள வட்டம்தான் வேலி.

வெள்ளி – விக்

விக் நகரத்துக்கு ரயில் ஜார்ஜ்மாஸ் வழியாகவே திரும்பிச் செல்கிறது. விமான நிலையத்தை ஒட்டி, நியூக்ளியஸ் என்ற ஆவணக் காப்பகம் 2017-இல் திறக்கப்பட்டது. பிரிட்டனின் குடிமை அணுத்துறை ஆவணங்கள் அனைத்தையும் ஒரே இடத்தில் சேர்ப்பது நோக்கம். முதலில் வந்தவை டூன்ரேயின் தாள்கள். கேத்னஸ் வட்டாரத்தின் பழைய ஊராட்சிப் பதிவேடுகளும் நிலப்படங்களும் அதே கூரையின் கீழ் இருக்கின்றன. அணு வளாகத்தின் வரைபடமும் மீனவர் குடும்பத்தின் பிறப்புப் பதிவும் ஒரே படிப்பறை மேசைக்கு வரும் ஏற்பாடு எனக்கு மிகவும் பிடித்திருந்தது.

பக்கத்து விமான நிலையத்துக்கும் இந்தக் கதையில் பங்கு உண்டு. டூன்ரேயில் இருந்த ஏறக்குறைய 700 கிலோ உயர்செறிவு யுரேனியத்தை (அணு ஆயுதத்துக்கும் பயன்படக்கூடிய வகை) அமெரிக்காவுக்கு அனுப்ப 2016-இல் ஒப்பந்தமானது. விக் ஓடுபாதையிலிருந்து விமானங்களில் அது கொண்டுசெல்லப்பட்டது. 1998-இல் ஜார்ஜியா நாட்டின் திபிலிசியிலிருந்து அத்தகைய யுரேனியம் டூன்ரேவுக்கு வந்து சேர்ந்தது நினைவுக்கு வந்தது. அதே 1998 மே மாதம், வளாகத்துக்குள் மண் தோண்டிய ஓர் இயந்திரம் மின்கம்பியை அறுத்து, எரிபொருள் ஆலைப் பகுதி முழுவதும் மின்சாரம் இழந்தது. அதைத் தொடர்ந்து வந்த பாதுகாப்புத் தணிக்கை 143 பரிந்துரைகளை வைத்தது. வணிக மறுசெயலாக்கத்தைக் கைவிடுவதாக அரசு அறிவித்ததும் அந்த ஆண்டில்தான். டூன்ரேயின் வரலாற்றில் திரும்புமுனை எது என்று கேட்டால் நான் அந்த ஆண்டைத்தான் சொல்வேன்: உற்பத்திக்கான இடம் என்ற எண்ணம் போய், துப்புரவுக்கான இடம் என்ற எண்ணம் வந்த ஆண்டு.

காப்பகத்துக்கு இவ்வளவு பெரிய கட்டடம் ஏன் என்று முதலில் தோன்றலாம். வளாகத்தைக் கலைக்கும் வேலை 2030-களில் முடிந்துவிடும் என்று ஒருகாலத்தில் சொன்னார்கள். இப்போது 2070-கள் வரை நீளும் என்கிறார்கள். அதன் பிறகும் அந்த நிலத்தை வேறு எதற்கும் தடையின்றிப் பயன்படுத்த 2333 வரை காத்திருக்க வேண்டும் என்பது அதிகாரிகளின் மதிப்பீடு. சீசியம்-137 பாதியாகக் குறைய முப்பது ஆண்டு ஆகும். இன்றிலிருந்து முந்நூறு ஆண்டு என்றால் பத்து முறை பாதியாகிறது. ஆயிரத்தில் ஒரு பங்கு மிஞ்சும். பத்து லட்சம் பெக்கரல் கொண்ட துகள் அப்போது ஆயிரம் பெக்கரலாக இருக்கும். அதுவரை எங்கே என்ன புதைந்திருக்கிறது என்பதைப் பத்துத் தலைமுறைக்கு எட்டும்படி தாளிலும் படத்திலும் வைத்திருக்க வேண்டும். ஆழ்குழியில் 1959-இல் விழுந்ததை இன்று ஊகிக்க வேண்டியிருக்கிறது. நடுவே கடந்ததோ ஒரே ஒரு மனித வாழ்நாள்.

படிப்பறையில் டூன்ரேயின் பழைய கட்டுமானப் படங்கள் சிலவற்றைக் கேட்டு வாங்கிப் பார்த்தேன். அடையாள அட்டையைக் காட்டி, ஒரு படிவத்தை நிரப்பினால் போதும். எந்த நாட்டுக்காரர், எதற்காக என்று யாரும் துருவவில்லை. கல்பாக்கத்தைச் சுற்றியுள்ள சதுரங்கப்பட்டினத்துக்காரர் ஒருவர், தம் ஊர் வளாகத்தின் கழிவு எங்கே, எந்த முறையில் வைக்கப்பட்டிருக்கிறது என்று அறிய விரும்பினால், இப்படி ஓர் அறைக்குள் போய்க் கேட்க முடிய வேண்டும். நம் ஈனுலைத் திட்டத்தை ஆதரிப்பவர்களும் எதிர்ப்பவர்களும் சேர்ந்தே கேட்கக்கூடிய ஒரு கோரிக்கையாக இதை நான் கருதுகிறேன். உலைகள் இயங்கும் காலத்திலேயே அதைக் கட்டிவைப்பது, நின்ற பிறகு தேடித் திரட்டுவதைவிட மலிவு.

மாலை ரயில் தெற்கே கிளம்ப இன்னும் நேரமிருக்கிறது. ஆழ்குழி ஆலையின் வேலைத்திட்டம் பற்றி வெளியிடப்பட்ட அறிக்கைகளின் பெயர்களைக் குறித்துக்கொண்டிருக்கிறேன். கேட்கும் வாசகர்களுக்கு அவற்றின் சாரத்தைத் தமிழில் எழுதி அனுப்புகிறேன்.